ஒன்பதில் நாலு போக

இது நடந்தது. கதை கட்டுகிற ஆள் நான் இல்லை. பேயைப் பார்த்தேன் என்று எவனாவது வந்தால் மூன்று கேள்வி கேட்பேன். எத்தனை மணி, எந்த இடம், அதுக்கு முன்னால் என்ன குடித்தாய். முக்கால்வாசிப் பேர் முதல் கேள்வியிலேயே முழித்துவிடுவார்கள். மீரான் முழிக்கவில்லை. நிமிடம் வரைக்கும் சொன்னான். அவன் அன்றைக்கு விரித்த கறுப்புத் துணியை மறுநாள் என் கையாலேயே உதறிப் பார்த்தேன். அதனால்தான் சொல்கிறேன். நம்புகிறவர்கள் நம்பட்டும், மற்றவர்கள் போகட்டும்.

மீரான் திண்டுக்கல் பேகம்பூரில் ஆர்மோனியப் பெட்டி சரிபார்க்கிறவன். என் சைக்கிள் கடைக்கு அடுத்த கடை. வயது அறுபத்தொன்று. ஒரு வரி பாடச் சொன்னால் ஆட்டைத் தோலுரித்த மாதிரி இருக்கும். பாட்டே தெரியாது அவனுக்கு. கணக்குத்தான் தெரியும்.

என்ன கணக்கு என்றால், பக்கத்துப் பக்கத்துக் கிணற்றில் இரண்டு ஆயில் மோட்டார் ஓடினால் சத்தம் ஒரே சீராக வராது. ஏறும், இறங்கும், ஏறும், இறங்கும். இரண்டும் ஒரே வேகத்தில் ஓடாததால் வருகிற கோளாறு அது. ஆர்மோனியத்திலும் அப்படித்தான். உள்ளே ரீட் என்று ஒரு சின்னப் பித்தளைத் தகடு இருக்கும். காற்றுப் பட்டால் துடிக்கும். ஒரு ரீட் நொடிக்கு இருநூறு தடவை துடிக்கிறது, கூட ஒலிக்கிற இன்னொன்று இருநூற்று நாலு தடவை துடிக்கிறது என்றால், காதில் நொடிக்கு நாலு அலை கேட்கும். மூன்று வித்தியாசம் என்றால் மூன்று அலை. வித்தியாசம் இல்லை என்றால் அலையும் இல்லை, சத்தம் எண்ணெய் ஊற்றின மாதிரி வழுவழுவென்று போகும். அதுதான் சுருதி சேர்வது.

"காதுக்குக் கழித்தல் மட்டும்தான்டா தெரியும்" என்பான் மீரான். "ஆனா அதுல தப்பே பண்ணாது."

வாயில் ஒரு சுருதிக் குழலை வைத்து ஊதுவான். அது அளவு. இடது கையால் பெட்டியின் துருத்தியை அமுக்கி, வலது கையால் கட்டையை அழுத்துவான். அலையை எண்ணுவான். அப்புறம் அரத்தை எடுத்து ரீட்டில் ஒரு இழுப்பு, மயிரிழை அளவு ராவுவான். மறுபடி எண்ணுவான். அலை நிற்கிற வரைக்கும் விட மாட்டான்.

இதுக்கு அமைதி வேண்டும். ஃபேன் ஓடக்கூடாது, மிக்சி ஓடக்கூடாது. அதனால் மாதத்துக்கு ஒருநாள் பராமரிப்புக்கென்று காலையிலிருந்து சாயங்காலம் வரை கரண்டை நிறுத்துகிறார்கள் பாருங்கள், அந்த நாள்தான் மீரானுக்கு வேலை நாள். எந்தப் பக்கம் என்றைக்கு மின்தடை என்று பேப்பரில் பார்த்துக் குறித்து வைத்திருப்பான். ஊரே சபிக்கிற நாளில் இவன் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்புவான்.

போன வருஷம் ஜூலை மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை போன் வந்தது. செம்பட்டிக்கு அந்தப் பக்கத்திலிருந்து செபஸ்தியான் என்று ஒருவர்.

"பாய், ஒரு பொட்டி சுருதி பாக்கணும். செவ்வாக்கெழம வாரீகளா? அன்னைக்கு எங்க பக்கம் பூராம் கரண்டு இருக்காது."

மீரான் போனை வைத்துவிட்டு என்னிடம் சொன்னான். "தொழில் தெரிஞ்ச ஆளு போல. நான் சொல்றதுக்கு முன்னாடி அவரே கரண்டு இல்லாத நாளாச் சொல்றாரு."

செவ்வாய்க்கிழமை போனான். செம்பட்டியில் பஸ்ஸை விட்டு இறங்கினால் செபஸ்தியான் மொபெட்டோடு நின்றார். நாற்பது வயது இருக்கும். தென்னந்தோப்பும் கொஞ்சம் பூவும் வைத்திருக்கிறவர். பத்து நாள் தாடி. வண்டியில் போகும்போதே விஷயத்தைச் சொன்னார்.

பெட்டி அவர் பெண்சாதி ரோசலினுடையது. கோயில் பாடகர் குழுவில் பதினைந்து வருஷம் வாசித்துப் பாடியவள். தொண்டையில் கட்டி வந்து, ஜனவரி மாதம் மதுரையில் குரல்வளையையே எடுத்துவிட்டார்கள். அதுக்கப்புறம் ஒரு சத்தம் வராது அவளுக்கு. ஜூனில் செத்துப் போனாள்.

"குரல் போன பெறகு, பாய், சாயங்காலமானா பாப்பாவ மடியில தூக்கி வச்சுக்குவா. அந்தப் பொட்டியில ஒரே ஒரு கட்டைய அமுக்குவா. பாப்பா அதுக்கு ஒத்துப் பாடும். இவ கேட்டுக்கிட்டே இருப்பா. பாக்க நல்லாத்தான் இருந்துச்சு."

"இப்ப?"

"இப்ப மூணு வாரமா பாப்பா அந்தப் பொட்டிய விட்டு எந்திரிக்கல. ஸ்கூலுக்குப் போகல, சாப்புடல, ஒரு வார்த்த பேசல. அதே கட்டைய அமுக்குறா. வாயத் தொறக்குறா. சத்தம் வரல."

மீரான் மடியில் இருந்த பையைச் சரியாக வைத்துக்கொண்டான்.

"பொட்டிய எரிச்சுரலாம்னு தூக்குனேன். பிள்ள தரையில விழுந்து கத்துறா பாய். சத்தமில்லாமக் கத்துறா. அந்த ஒரு கட்டையோட ஓசைய மட்டும் மாத்தி விட்டுருங்க. அம்மா ஞாபகம் விட்டுப் போகட்டும். இல்லன்னா இவளையும் நான் பொதைக்கணும்."

வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தது 9.50. செபஸ்தியானின் அக்கா மரியசெல்வி வாசலில் நின்றாள். தம்பிக்குத் துணையாக வந்து இருக்கிறவள்.

"வாங்க பாய். பொட்டிக்கு வைத்தியமா, பிள்ளைக்கு வைத்தியமா?"

"பொட்டிக்குத்தான்மா. பிள்ளைக்கு நீங்க சோறு ஊட்டுங்க."

"ஊட்டிட்டாலும். நேத்து பூராம் ஒரு இட்டிலி. முந்தா நாளு அதுவும் இல்ல. இம்புட்டு வயசுல நான் யாருக்கும் இப்படிக் கெஞ்சுனதில்ல, என் புருசனுக்குக்கூட."

முன்னறையில் தரையில் பெட்டி இருந்தது. அதுக்கு முன்னால் அனிஷா. ஒன்பது வயசுப் பிள்ளை. கவுனுக்கு மேலேயே விலா எலும்பு தெரிந்தது. இடது கை துருத்தியில். வலது கை ஆள்காட்டி விரல் நடுவில் ஒரு வெள்ளைக் கட்டையில். வாய் திறந்திருந்தது. பெட்டிச் சத்தம் மட்டும்தான் கேட்டது.

ம்ம்ம்ம்ம்...

செபஸ்தியான் கொஞ்ச நேரம் நின்று பார்த்தார். பிறகு தோப்பில் தேங்காய் வெட்டுகிற ஆட்களைப் பார்த்துவிட்டு ஒரு மணிக்கு வந்துவிடுவதாகச் சொல்லிப் போனார். பிள்ளையைப் பார்க்க முடியாமல்தான் போனார் என்று மீரானுக்குப் பட்டது.

"செத்த நேரம் தள்ளி உக்காரு தாயி. பொட்டிய நல்லா ஆக்கித் தாரேன்."

பிள்ளை ஒரு கை தூரம் தள்ளி உட்கார்ந்தாள். அதுக்கு மேல் நகரவில்லை.

மீரான் கறுப்புத் துணியை விரித்தான். பித்தளைத் தூள் சிதறாமல் அதில் விழ வேண்டும் என்பதற்காக எப்போதும் விரிப்பான். எவ்வளவு ராவினோம் என்றும் அதைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வான். பெட்டியின் மேல் பலகையைக் கழற்றினான். ஒவ்வொரு கட்டைக்கும் இரண்டு ரீட் உண்டு, இரண்டு வரிசையாக. இரண்டாம் வரிசையைப் பஞ்சு வைத்து அடைத்துப் பலகையை மூடினான். இப்போது ஒரு கட்டைக்கு ஒரு ரீட்தான் பேசும்.

குழலை வாயில் வைத்தான். அந்தக் கட்டையை அழுத்தினான்.

வௌ... வௌ... வௌ... வௌ...

கைக்கடிகாரத்தைப் பார்த்தான். பத்து நொடிக்கு நாற்பது. நொடிக்கு நாலு.

அவன் எண்ணி முடிப்பதற்குள் பிள்ளை நாலு விரலை நீட்டினாள்.

மீரானுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நாற்பது வருஷத்தில் இவன் கணக்கைப் பக்கத்தில் உட்கார்ந்து கேட்ட ஆளே கிடையாது.

"ஏத்தா, ஒனக்கும் கேக்குதா?"

தலையாட்டினாள். பிறகு உதடு அசைந்தது. காற்று மாதிரி ஒரு குரல்.

"மொதல்ல ஒம்போது இருந்துச்சு."

அடுப்படியில் ஏதோ பாத்திரம் விழுந்தது. மரியசெல்வி ஓடி வந்தாள்.

"பேசுனாளா? பாய், இப்ப இவ பேசுனாளா?"

"பேசுனா."

"என்ன சொன்னா?"

"ஒம்போதுன்னா."

"ஒம்போது என்ன? ஒம்போது இட்டிலியா? சொல்லுடி என் தங்கம், பத்தாவே தாரேன்."

பிள்ளை அவளைப் பார்க்கவே இல்லை. மீரானைப் பார்த்தாள். நாலு விரலும் நீட்டினபடியே இருந்தது.

அப்போதுதான் மீரான் ஒரு முடிவுக்கு வந்தான். அந்த இடத்தில் நான் இருந்தாலும் அந்த முடிவுக்குத்தான் வந்திருப்பேன். பிள்ளைக்குக் கூர்மையான காது, சுருதி பிசகி இருப்பது பொறுக்கவில்லை, அதுதான் இடத்தை விட்டு எழாமல் கிடக்கிறாள். அலையை நிறுத்திவிட்டால் எழுந்துவிடுவாள். மூன்று வாரமாகப் பேசாதவள் ஒரு மணி நேரத்தில் பேசிவிட்டாளே. தகப்பன் ஓசையை மாற்றச் சொன்னார், சரி. மாற்றுவதை ஒழுங்காகச் சுருதி சேர்த்தே மாற்றிவிடுவோம்.

11.05. பலகையைத் தூக்கி, ரீட்டுக்கு அடியில் மெல்லிய தகட்டைச் செருகி, அரத்தால் ஒரு இழுப்பு இழுத்தான்.

சர்க்.

அரம் வழக்கத்தைவிட மெத்தென்று இறங்கியது. பழைய பித்தளை, மிருதுவாகப் போயிருக்கும் என்று நினைத்துக்கொண்டான்.

பிள்ளை எச்சிலை விழுங்கினாள்.

பலகையை வைத்தான். குழலை ஊதினான். எண்ணினான். மூன்று. பிள்ளையின் கையில் மூன்று விரல்.

11.30. இரண்டாவது இழுப்பு. சர்க்.

பிள்ளை மறுபடி விழுங்கினாள். கையைத் தொண்டையில் வைத்துக்கொண்டாள். தண்ணீர் வேண்டுமா என்று மீரான் சைகையில் கேட்டான். வேண்டாம் என்று தலையாட்டினாள்.

இரண்டு அலை. இரண்டு விரல்.

வாய் வலித்தது. குழலை எடுத்துக் கீழே வைத்தான். தூசி இருந்தால் போகட்டும் என்று துருத்தியை அமுக்கி அந்தக் கட்டையை மட்டும் சும்மா அழுத்தினான்.

வௌ... வௌ...

கையை எடுத்தான்.

மறுபடி அழுத்தினான்.

வௌ... வௌ...

குழல் தரையில் கிடந்தது. வாயில் ஒன்றும் இல்லை. ஒரே ஒரு ரீட்தான் ஒலித்தது. ஆனால் அலை அடித்தது.

இது நடக்காது. ஒற்றைச் சத்தம் அலையாது. அலைய இரண்டு வேண்டும். எதிலிருந்தாவது எதையாவது கழித்தால்தான் மிச்சம் வரும்.

இரண்டாம் வரிசைப் பஞ்சைப் பார்த்தான். இறுக்கமாக இருந்தது. இன்னும் கொஞ்சம் திணித்தான். அழுத்தினான். வௌ... வௌ...

பக்கத்துக் கட்டை காற்றுக் கசிகிறதோ என்று அதன் வாயையும் அடைத்தான். அழுத்தினான். வௌ... வௌ...

குழலை மட்டும் எடுத்து ஊதினான். சமமாக இருந்தது. அலை இல்லை.

கட்டையை அழுத்தினால் மட்டும் கூட ஒன்று ஒலிக்கிறது.

எங்கிருந்து?

மோட்டார் இல்லை. ஃபேன் இல்லை. அடுப்படியில் அம்மி அரைக்கிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. அதுவாக இருக்குமோ என்று நினைத்தான்.

"அம்மா, செத்த நேரம் அம்மிய நிப்பாட்டுங்க."

"அம்மியா? நிப்பாட்டி அஞ்சு நிமிசம் ஆச்சு பாய்."

12.10.

அவன் எழுந்து வந்திருக்கலாம். நானும் அதைத்தான் கேட்டேன். அப்போதே பையைத் தூக்கிக்கொண்டு ஏன் கிளம்பவில்லை? "அலை கேட்டா கை அரத்துக்குப் போகும் அப்பு" என்றான். நாற்பது வருஷப் பழக்கம். அது மட்டுமில்லை. பிள்ளை இரண்டு விரலை நீட்டிக்கொண்டு அவனையே பார்த்தாள். பசித்த பிள்ளை தட்டைப் பார்க்கிற மாதிரி.

"ரெண்டுதான்" என்றாள்.

மீரான் பலகையைத் தூக்கினான்.

12.20. மூன்றாவது இழுப்பு. சர்க்.

பிள்ளையின் உடம்பு தூக்கிப் போட்டது. புறங்கையால் வாயைத் துடைத்தாள். துடைத்த கையைக் கவுனுக்குள் மறைத்துக்கொண்டாள்.

"என்னத்தா?"

ஒரு விரலை நீட்டினாள்.

பலகையை வைத்தான். அழுத்தினான்.

வௌ....... வௌ.......

ஒன்று. நொடிக்கு ஒன்று.

அவன் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. பிள்ளையின் கழுத்தைப் பார்த்தான். சத்தம் ஏறும்போது அங்கே ஒரு நரம்பு ஏறியது. சத்தம் இறங்கும்போது இறங்கியது.

கட்டையை விட்டான். நரம்பு நின்றது.

அழுத்தினான். நரம்பு ஏறியது.

கறுப்புத் துணியை அப்போதுதான் பார்த்தான். மூன்று தடவை ராவியிருக்கிறான். துணியில் தூளே இல்லை. வெளிச்சம் பத்தாது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். ஜன்னலில் உச்சி வெயில் அடித்துக்கொண்டிருந்தது.

"மாமா."

பிள்ளை கூப்பிட்டாள்.

"இன்னும் ஒண்ணு."

12.48.

வேண்டாம் என்றுதான் நினைத்தானாம்.

கை போய்விட்டது.

சர்க்.

பலகையை வைத்தான்.

அழுத்தினான்.

ம்ம்ம்ம்ம்ம்ம்ம்...

அலை இல்லை. எண்ணெய் ஊற்றின மாதிரி. ஆனால் சத்தம் இரண்டு மடங்கு. அறையே ஒலித்தது. கூட ஒலித்தது போய்விடவில்லை. சேர்ந்துவிட்டது.

மீரான் கட்டையை விட்டான்.

ம்ம்ம்ம்ம்ம்ம்...

துருத்தியை மூடிக் கொக்கியை மாட்டினான்.

ம்ம்ம்ம்ம்ம்...

காதைப் பெட்டியில் வைத்தான். பெட்டி செத்துக் கிடந்தது. உள்ளே ஒரு பொட்டுக் காற்று இல்லை.

சத்தம் நிற்கவில்லை.

பலகையைப் பிடுங்கினான். குறட்டால் அந்த ரீட்டையே கழற்றி எடுத்தான். கையில் வைத்துப் பார்த்தான். சின்னத் தகடு. அசையாமல் இருந்தது.

ம்ம்ம்ம்ம்...

தலையைத் தூக்கினான்.

பிள்ளையின் வாய் திறந்திருந்தது.

நெஞ்சு அசையவில்லை.

கையை அவள் வாய்க்கு நேராக நீட்டினான்.

மூச்சு படவில்லை.

சத்தம் மட்டும் வந்தது.

ஒன்பது வயசுப் பிள்ளையின் குரல் இல்லை அது.

12.51.

12.52.

மூச்சு எடுக்கவில்லை.

வெளியே மொபெட் வந்து நின்ற சத்தம். செருப்புச் சத்தம். வாசலில் செபஸ்தியான். கையில் இருந்த தூக்குச்சட்டி கீழே விழுந்தது.

"ரோசலினு..." என்றார்.

பிள்ளை வாயை மூடினாள். சத்தம் நின்றது.

"அப்பா" என்றாள். "பசிக்குது."

செபஸ்தியான் ஓடிவந்து பிள்ளையை அள்ளிக்கொண்டார். அழுதார். மரியசெல்வி சோற்றைப் பிசைந்துகொண்டு ஓடி வந்தாள். பிள்ளை வாங்கி வாங்கிச் சாப்பிட்டாள். ஒவ்வொரு உருண்டையையும் கண்ணை மூடிக்கொண்டு விழுங்கினாள்.

மீரான் துணியைச் சுருட்டிப் பையில் திணித்தான். வாசலைத் தாண்டினான்.

"பாய், சாப்புட்டுப் போங்க. ஒரு வாய் சோறு வெஞ்சனமாச்சும்..." என்று மரியசெல்வி பின்னாலேயே வந்தாள். அவன் திரும்பிப் பார்க்கவில்லை. செம்பட்டி வரைக்கும் வெயிலில் நடந்தே வந்திருக்கிறான். பஸ்ஸில் உட்கார்ந்த பிறகுதான், இடது கை இன்னும் எதையோ இறுக்கிப் பிடித்திருப்பது தெரிந்தது. அந்த ரீட்.

மறுநாள் காலை அவன் கடையைத் திறக்கவில்லை. நான் கதவைத் தட்டி உள்ளே போனேன். எல்லாவற்றையும் சொன்னான். நான் நம்பவில்லை. வெயில் தலைக்கு ஏறியிருக்கும், வெறும் வயிற்றில் வேலை பார்த்திருக்கிறாய் என்றேன்.

ரீட்டை எடுத்து என் முன்னால் வைத்தான். வாட்ச் கடைக்காரரிடம் பூதக்கண்ணாடி வாங்கி வந்து பார்த்தேன். அரம் பட்டால் பித்தளையில் பளபளவென்று கோடு விழும். அதில் ஒரு கோடும் இல்லை. வருஷக்கணக்கில் படிந்த பச்சைக் களிம்பு அப்படியே, ஒரு கீறல் இல்லாமல் மூடியிருந்தது.

கறுப்புத் துணியை வாங்கி வெள்ளைத் தாளுக்கு மேல் உதறினேன். ஒரு பொட்டுத் தூள் விழவில்லை.

மீரான் அந்த ரீட்டை, அவன் கடையில் ரீட் பார்க்க வைத்திருக்கும் துருத்தியில் மாட்டினான். குழலையும் கூட ஊதினான். எனக்கே கேட்டது. வழுவழுவென்று போனது. அலையே இல்லை.

"இது நேத்தும் சரியாத்தான் இருந்திருக்கு" என்றான். "இதுல கோளாறே இல்ல."

"அப்ப நீ ராவவே இல்லடா."

"நாலு தடவ ராவுனேன் அப்பு. கைக்குத் தெரியாதா? அரம் எதையோ கடிச்சுச்சு." கட்டைவிரலை உரசிக் காட்டினான். "பித்தள மாதிரிக் கடிக்கல."

அதுக்கப்புறம் நாங்கள் அதைப் பற்றிப் பேசவில்லை.

இருபதாம் நாள், காலை 11.10-க்குப் போன் வந்தது. செபஸ்தியான். மீரான் எடுக்கவில்லை. என் கையில் கொடுத்துவிட்டான். நான் ஸ்பீக்கரில் போட்டேன்.

பிள்ளை நன்றாகச் சாப்பிடுகிறாளாம். பள்ளிக்கூடம் போகிறாளாம். ஞாயிற்றுக்கிழமை கோயிலில் பாடினாளாம். குழுவில் இருந்த பெண்கள் பாட்டை விட்டுவிட்டு அழுதார்களாம். அச்சு அசலாக ரோசலின் குரல். பெட்டிப் பக்கமே அவள் போவதில்லையாம். எல்லாம் நல்லபடியாகத்தான் இருக்கிறதாம்.

"ஆனா முழுங்கும்போது வலிக்குதுங்குறா. அதான் முந்தாநாளு மதுரைக்குக் கூட்டிட்டுப் போனேன். தொண்டைக்குள்ள கேமரா விட்டுப் பாத்தாரு டாக்டரு. குரல்நாண்ல கோடு கோடா இருக்காம். சமமான இடைவெளி விட்டு. சின்ன அரத்தால ராவுன மாதிரி இருக்கு, பிள்ள எதையும் உள்ள விட்டுச்சான்னு கேக்குறாரு."

மீரான் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தான்.

"பாய் பிள்ளையத் தொடவே இல்ல, இருந்த எடத்த விட்டு அசையலன்னு அக்கா சத்தியம் பண்ணுது. நான் சந்தேகப்படல. சும்மா கேக்குறேன். பாய் அன்னைக்கு எத்தன தடவ ராவுனாரு?"

நான்தான் சொன்னேன்.

"நாலு."

"நாலு கோடுதான் புதுசாம்" என்றார் செபஸ்தியான். "இன்னும் செவப்பு மாறலையாம். மொத்தம் ஒம்போது இருக்கு. மிச்சம் அஞ்சும் பழசு. ஆறி வெளுத்துப் போச்சாம். அந்த அஞ்சும் ஒரே நாள்ல விழுந்ததில்ல, மாசத்துக்கு ஒண்ணுங்குற மாதிரி இருக்குன்னு டாக்டரு சொல்றாரு."

நான் மூன்றாவதுதான் படித்தேன். இந்தக் கழித்தல் எனக்கும் வரும்.

"ஒண்ணு கேக்கணும்" என்றேன். "கரண்டு இல்லாத நாளாப் பாத்து வரச் சொன்னீகளே. அது ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

"எனக்கு என்ன தெரியும்? பாப்பாதான் செலேட்டுல எழுதிக் காட்டுச்சு. கரண்டு இல்லாத அன்னைக்கு ராவுற ஆளக் கூப்புடுங்கன்னு."

ரோசலினுக்குக் குரல்வளையை எடுத்தது ஜனவரி. அவள் செத்தது ஜூன். இடையில் ஐந்து மாசம், தினமும் சாயங்காலம், அவள் பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு அந்த ஒரு கட்டையை அமுக்கியிருக்கிறாள்.